உலக மலைத்தொடர்கள் எங்கே தொடங்கி எங்கே முடிகின்றன? அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

பள்ளி வரைபடப் பயிற்சி, போட்டித் தேர்வு, வினாடி வினா என்று எங்கே பார்த்தாலும் மலைத்தொடர் கேள்விகளில் எல்லாரும் இடறுவது ஏறக்குறைய ஒரே இடங்களில்தான். அந்த இடங்களைத்தான் இங்கே எடுத்துக்கொண்டிருக்கிறோம். உயரங்கள் எல்லாம் கடல் மட்டத்திலிருந்து கணக்கிட்டவை. நூலுக்கு நூல் சில மீட்டர் வேறுபடும். ஏன் என்பதற்கும் கீழே பதில் இருக்கிறது.

ஒரு மலைத்தொடர் எங்கே இருக்கிறது என்பதை எப்படி மனதில் பதிய வைப்பது?

"மலைத்தொடர் – நாடு – உயரமான சிகரம்" என்று மூன்று கட்டம் போட்டு மனப்பாடம் செய்வதுதான் வழக்கம். பாதிக் குழப்பத்துக்கு அதுவே காரணம். மலைத்தொடர் ஒரு கோடு. சிகரம் ஒரு புள்ளி. புள்ளியை மட்டும் தெரிந்துகொண்டால் கோடு எந்தப் பக்கம் ஓடுகிறது என்பது தெரியாது.

இரண்டு முனைகளையும், இரு பக்கமும் என்ன இருக்கிறது என்பதையும் பிடித்துக்கொள்ளுங்கள். காக்கஸஸ் என்றால் கருங்கடலுக்கும் காஸ்பியன் கடலுக்கும் நடுவே, வடக்கே ரஷ்யா, தெற்கே ஜார்ஜியாவும் அசர்பைஜானும். பிரனீஸ் என்றால் அட்லாண்டிக்கின் பிஸ்கே விரிகுடாவுக்கும் மத்தியதரைக் கடலுக்கும் நடுவே, வடக்கே பிரான்ஸ், தெற்கே ஸ்பெயின், இடையில் குட்டி அண்டோரா. இவ்வளவு தெரிந்தால் சிகரத்தின் பெயர் மறந்தாலும் வரைபடத்தில் கை தவறாது.

கிளிமஞ்சாரோ எந்த மலைத்தொடரில் உள்ளது?

எதிலும் இல்லை. டான்சானியாவில் 5,895 மீட்டர் உயர்ந்து தனியாக நிற்கும் எரிமலை அது. ஆப்பிரிக்காவின் இரண்டாவது உயரமான கென்யா மலையும் (5,199 மீ) அப்படித்தான். விடைகளில் "அட்லஸ்" என்ற தெரிவைக் கண்டதும் டிக் அடித்துவிடுகிறவர்கள் நிறைய. அட்லஸ் இருப்பது கண்டத்தின் வடமேற்கு மூலையில், மொராக்கோ, அல்ஜீரியா, துனிசியா வழியாக. அதன் உச்சி மொராக்கோவின் தூப்கல், 4,167 மீ.

இமயமலையின் சரியான எல்லை எது? கே2 அதில் சேருமா?

மேற்கு முனை நங்க பர்பத் (8,126 மீ), கிழக்கு முனை திபெத்தில் உள்ள நம்சா பர்வா (7,782 மீ). இரண்டுக்கும் இடையே தெற்கு நோக்கி வளைந்த வில் போல ஏறக்குறைய 2,400 கி.மீ. இந்த இரு முனைகளையும் ஆறுகளே காட்டிக் கொடுக்கின்றன: சிந்து நங்க பர்பத்தைச் சுற்றித் தெற்கே திரும்புகிறது, பிரம்மபுத்திரா (அங்கே அதன் பெயர் யார்லுங் சாங்போ) நம்சா பர்வாவைச் சுற்றித் திரும்பி அருணாச்சலத்துக்குள் இறங்குகிறது. இந்தியா, நேபாளம், பூட்டான், சீனா, பாகிஸ்தான் ஆகிய ஐந்து நாடுகள் தொடர்புடையவை.

கே2 (8,611 மீ) இமயத்தில் சேராது. அது சிந்து ஆற்றுக்கு வடக்கே உள்ள காரகோரம் தொடரில் இருக்கிறது. சியாச்சின் பனியாறும் காரகோரத்தில்தான். 8,000 மீட்டரைத் தாண்டும் 14 சிகரங்களில் 10 இமயத்தில், மீதி 4 காரகோரத்தில் என்று வைத்துக்கொண்டால் போதும்.

தேர்வு எழுதுகிறவர்களுக்கு ஒரு எச்சரிக்கை. "இந்தியாவின் மிக உயரமான சிகரம்" என்று கேட்டால், நம் நாட்டுப் பாடநூல்களில் பல கே2 என்கின்றன. அது இந்தியா உரிமை கோரும், பாகிஸ்தான் கட்டுப்பாட்டில் உள்ள பகுதி. இந்திய நிர்வாகத்தின் கீழ் இருப்பவற்றில் உயரமானது சிக்கிம்–நேபாள எல்லையில் உள்ள கஞ்சன்ஜங்கா, 8,586 மீ. "இமயத்தின் இந்தியப் பகுதியில் உயரமானது" என்று கேட்டால் கஞ்சன்ஜங்காவைத் தவிர வேறு விடை கிடையாது. கேள்வியை முழுதாகப் படித்த பிறகு பேனாவை எடுங்கள்.

காரகோரத்துக்கு மேற்கே இந்துகுஷ் (உச்சி திரிச் மிர், 7,708 மீ, பாகிஸ்தானின் சித்ராலில்). வடக்கே பாமீர், பெரும்பாலும் தஜிகிஸ்தானில். அதற்கும் வடகிழக்கே கிர்கிஸ்தானையும் சீனாவின் சின்ஜியாங்கையும் நிரப்பும் தியான் ஷான். திபெத் பீடபூமியின் வடக்கு விளிம்பு குன்லுன். இமயம், காரகோரம், இந்துகுஷ், குன்லுன், தியான் ஷான் எல்லாம் பாமீரை மையமாக வைத்துப் பிரிவதால், முதலில் பாமீரைக் குறித்துவிட்டு மற்றவற்றைக் குறிப்பதே எளிது.

ஆண்டிஸ் மலை மேற்குப் பக்கம் பாலைவனமா, கிழக்குப் பக்கம் பாலைவனமா?

இரண்டும். எந்த இடத்தில் கேட்கிறீர்கள் என்பதைப் பொறுத்தது.

ஆண்டிஸ் வெனிசுலாவில் தொடங்கி, கொலம்பியா, ஈக்வடார், பெரு, பொலிவியா வழியாகச் சிலி–அர்ஜென்டினா எல்லையோடு தென்முனை வரை போகிறது. ஏழு நாடுகள், சுமார் 7,000 கி.மீ. வடக்கே 10 பாகை முதல் தெற்கே 55 பாகை வரை நீள்வதால், ஒரே மலைத்தொடர் இரண்டு வெவ்வேறு காற்று மண்டலங்களைக் குறுக்கே மறிக்கிறது.

வெப்ப மண்டலத்தில் காற்று கிழக்கிலிருந்து வருகிறது. அமேசான் படுகையின் ஈரத்தை அள்ளிக்கொண்டு வந்து கிழக்குச் சரிவிலேயே கொட்டிவிடுகிறது. மேற்கே இறங்கும் காற்றில் ஒன்றும் மிச்சமில்லை. போதாக்குறைக்குக் கடலோரம் ஹம்போல்ட் குளிர் நீரோட்டம், மேலே நிலையான உயர் அழுத்தம். விளைவு அட்டகாமா. வட சிலியின் அரிக்கா நகரில் ஆண்டுச் சராசரி மழை 1 மில்லிமீட்டரைக்கூடத் தொடுவதில்லை.

தெற்கே ஏறக்குறைய 35 பாகையைத் தாண்டினால் நிலைமை தலைகீழ். அங்கே பலமாக வீசுவது மேலைக்காற்று. பசிபிக் ஈரம் சிலியின் பக்கம் மழைக்காடாகிறது. கிழக்கே அர்ஜென்டினாவின் படகோனியா மழை மறைவுப் பகுதியாகக் காய்கிறது. "ஆண்டிஸின் மழை மறைவுப் பகுதி எது?" என்று அட்சரேகை சொல்லாமல் கேட்டால், கேள்வியே அரைகுறை.

உயரமான சிகரம் அக்கோன்காகுவா (6,961 மீ). அது சிலியில் இல்லை, முழுக்க அர்ஜென்டினாவுக்குள் இருக்கிறது. அது எரிமலையும் அல்ல. உலகின் உயரமான எரிமலை சிலி–அர்ஜென்டினா எல்லையில் உள்ள ஓகோஸ் டெல் சலாடோ, 6,893 மீ. ஆண்டிஸை எழுப்பியது, நாஸ்கா கடல் தட்டு (பூமியின் மேலோடு பிரிந்து கிடக்கும் பெரும் பாறைத் துண்டுகளான புவித்தட்டுகளில் ஒன்று) தென் அமெரிக்கத் தட்டின் கீழே செருகிப் போவது. அந்தச் செருகல் இன்னும் நிற்கவில்லை. கருவிகள் பதிவு செய்தவற்றிலேயே மிகப் பெரிய நிலநடுக்கம், 1960 மே 22 அன்று சிலியின் வால்டிவியா அருகே வந்த 9.5 அளவுள்ளது, அதனால் நேர்ந்ததுதான்.

உலகின் மிக நீளமான மலைத்தொடர் ஆண்டிஸ்தானே?

நிலத்தின் மேல், ஆம். கடலடியையும் சேர்த்தால் நடுக்கடல் முகடு: ஏறத்தாழ 65,000 கி.மீ. நீளத்துக்கு எல்லாப் பெருங்கடல்களின் அடியிலும் தையல் போட்டதுபோல் ஓடுகிறது. அது நீருக்கு மேலே பெரிதாகத் தலைகாட்டும் இடம் ஐஸ்லாந்து. விடைத்தாளில் "நிலப்பரப்பில்" என்ற ஒரு சொல்லைச் சேர்த்து ஆண்டிஸ் என்று எழுதிவிட்டால் யாரும் மறுக்க முடியாது.

தெனாலி, ராக்கி மலையின் சிகரமா?

இல்லை. 6,190 மீட்டர் உயரமுள்ள தெனாலி, அலாஸ்காவுக்குள்ளேயே வளைந்து கிடக்கும் அலாஸ்கா மலைத்தொடரில் இருக்கிறது. (2015இல் தெனாலி என்று மாற்றிய அமெரிக்க அரசு, 2025இல் மீண்டும் மெக்கின்லி என்ற பெயருக்குத் திரும்பியது. இரண்டும் ஒரே மலை.) கனடாவின் உயரமான லோகன் மலையும் (5,959 மீ) ராக்கியில் இல்லை, அது செயின்ட் இலியாஸ் தொடர்.

ராக்கி தொடர் கனடாவின் பிரிட்டிஷ் கொலம்பியா வடபகுதியிலிருந்து அமெரிக்காவின் நியூ மெக்சிகோ வரை, சுமார் 4,800 கி.மீ. அதன் உச்சி கொலராடோவில் உள்ள எல்பர்ட், 4,401 மீ. கலிபோர்னியாவின் சியரா நெவாடா தொடரில் உள்ள விட்னி (4,421 மீ) அதைவிட 20 மீட்டர் உயரம்! அலாஸ்காவைத் தவிர்த்த அமெரிக்காவில் ராக்கிதான் உயரம் என்று நினைப்பவர்களுக்கு இது இன்னொரு பொறி.

ராக்கியைக் கடற்கரையோடு ஒட்டி வரைவதும் பெருந்தவறு. ராக்கியின் கிழக்கு அடிவாரத்தில் உள்ள டென்வர் நகரம் பசிபிக் கரையிலிருந்து 1,300 கி.மீ.க்கு மேல் உள்ளே தள்ளி இருக்கிறது. கரைக்குப் பக்கத்தில் உள்ளவை கேஸ்கேட் முதலிய வேறு தொடர்கள். 1980 மே 18 அன்று வெடித்த செயின்ட் ஹெலன்ஸ் கேஸ்கேட் எரிமலை. ஒரே காலையில் அதன் உயரம் 2,950 மீட்டரிலிருந்து 2,549 மீட்டராகக் குறைந்தது.

ஐரோப்பாவின் உயரமான சிகரம் எல்ப்ரஸா, மான்ட் பிளாங்கா?

எல்லைக் கோட்டை எங்கே போடுகிறீர்கள் என்பதில்தான் எல்லாம். காக்கஸஸின் நீர்ப்பிரி முகட்டை (மழைநீர் இரு பக்கமும் பிரிந்து ஓடும் உச்சிக் கோட்டை) ஐரோப்பா–ஆசியா எல்லையாகக் கொண்டால், அதற்கு வடக்கே ரஷ்யாவுக்குள் இருக்கும் எல்ப்ரஸ் (5,642 மீ) ஐரோப்பாவில் விழுகிறது. மலைக்கும் வடக்கே உள்ள கூமா–மானிச் தாழ்நிலத்தை எல்லையாகக் கொண்டால் மான்ட் பிளாங்க். "ஆல்ப்ஸின் உயரமான சிகரம்" என்றால் மட்டும் தயங்காமல் மான்ட் பிளாங்க் என்று எழுதலாம்.

ஆல்ப்ஸ் பிரான்ஸ், மொனாக்கோ, இத்தாலி, சுவிட்சர்லாந்து, லீக்டன்ஸ்டைன், ஜெர்மனி, ஆஸ்திரியா, ஸ்லோவேனியா ஆகிய எட்டு நாடுகளில் சுமார் 1,200 கி.மீ. வளைந்து போகிறது. அதன் கிழக்கு முனைக்கு அப்பால் ஸ்லோவாக்கியா, உக்ரைன், ருமேனியா என்று திருப்பிப் போட்ட "சி" எழுத்து வடிவில் கிடப்பவை கார்பாத்தியன். இத்தாலியின் முதுகெலும்பாக நீள்வது அப்பனைன். யூரல், வடக்கே காரா கடல் பக்கமிருந்து கசகஸ்தான் வரை ஏறக்குறைய 60 பாகை கிழக்குத் தீர்க்கரேகையை ஒட்டி 2,500 கி.மீ. நேராக இறங்குகிறது, இவ்வளவு நீளம் இருந்தும் உச்சி 1,895 மீட்டர்தான், நம் தொட்டபெட்டாவைவிடக் குறைவு.

யூரலும் அப்பலேச்சியனும் ஏன் இவ்வளவு தாழ்ந்து போயின?

வயது. இன்று உயரமாக நிற்கும் தொடர்கள் பெரும்பாலும் இரண்டு பட்டைகளில் அடங்கும். பசிபிக்கைச் சுற்றிய வளையம் ஒன்று. அட்லஸ், ஆல்ப்ஸ், காக்கஸஸ், ஈரானின் சாக்ரோஸ், இமயம் என்று கிழக்கே இந்தோனேசியா வரை போகும் பட்டை மற்றொன்று. இரண்டிலும் புவித்தட்டுகள் இப்போதும் முட்டிக்கொண்டிருக்கின்றன. இந்தியத் தட்டு சுமார் 5 கோடி ஆண்டுகளுக்கு முன் ஆசியாவோடு மோதத் தொடங்கியது, இன்றும் ஆண்டுக்கு ஏறக்குறைய 5 செ.மீ. வடக்கே நகர்கிறது. எவரெஸ்ட் உச்சியில் கடல்வாழ் உயிரிகளின் எச்சம் கொண்ட சுண்ணாம்புக்கல் இருப்பதற்குக் காரணம் இதுதான்.

யூரலும் அமெரிக்காவின் கிழக்கே உள்ள அப்பலேச்சியனும் (உச்சி மிட்செல், 2,037 மீ) எழும்பியது 25 கோடி ஆண்டுகளுக்கும் முன்னால். மோதல் நின்றுவிட்டது, மழையும் பனியும் அரிப்பதை நிறுத்தவில்லை. எனவே தட்டின் ஓரத்தில் இல்லாமல் கண்டத்தின் நடுவில் ஒரு தாழ்ந்த தொடர் கிடந்தால், பழைய மோதலின் தழும்பு என்று ஊகிக்கலாம். நம் ஆரவல்லியும் (உச்சி குரு சிகர், 1,722 மீ) அந்த வகைதான், இன்னும் மிகப் பழையது.

ஆப்பிரிக்காவில் அட்லஸ் தவிர என்ன இருக்கிறது?

தென்கிழக்கே டிராக்கன்ஸ்பெர்க். உச்சி தபானா இன்ட்லென்யானா (3,482 மீ) தென்னாப்பிரிக்காவில் இல்லை, லெசோத்தோவில். உகாண்டா–காங்கோ எல்லையில் ருவென்சோரி (5,109 மீ): பூமத்திய ரேகைக்குப் பக்கத்தில் பனியாறு உள்ள மலை. எரிமலை என்று தவறாக எழுதுகிறார்கள். பிளவுப் பள்ளத்தாக்கின் ஓரத்தில் பாறைத் தொகுதி மேலே தள்ளப்பட்டு உண்டான பிண்ட மலை அது.

ஆஸ்திரேலியா, நியூசிலாந்து, அண்டார்டிகா?

ஆஸ்திரேலியாவின் பெரும் பிரிப்பு மலைத்தொடர், வடக்கே கேப் யார்க்கிலிருந்து விக்டோரியா வரை கிழக்குக் கரையை ஒட்டி 3,500 கி.மீ. உச்சி கோசியஸ்கோ, 2,228 மீ. நியூசிலாந்தின் தென் தீவில் தென் ஆல்ப்ஸ். அதன் உச்சி அவோராக்கி அல்லது குக் மலை. பழைய நூல்களில் 3,764 மீ, இப்போது 3,724 மீ. 1991 டிசம்பரில் உச்சியிலிருந்து பெரும் பாறைச்சரிவு ஏற்பட்டு, பிறகு மிஞ்சிய பனித்தொப்பியும் தேய்ந்ததுதான் காரணம். அண்டார்டிகாவில் கண்டத்தைக் கிழக்கு, மேற்கு என்று பிரிப்பது டிரான்ஸ்அண்டார்டிக் தொடர். ஆனால் கண்டத்தின் உயரமான வின்சன் (4,892 மீ) அதில் இல்லை, எல்ஸ்வொர்த் மலைகளில் இருக்கிறது.

மேற்குத் தொடர்ச்சி மலை உண்மையில் மலைத்தொடர்தானா?

தட்டுகள் மோதி நிலம் மடிந்து எழும்பிய மடிப்பு மலை இல்லை. தக்காணப் பீடபூமியின் மேற்கு விளிம்பு அது. கோண்டுவானா என்ற பழைய பெருங்கண்டம் உடைந்து மடகாஸ்கர் முதலிய நிலங்கள் பிரிந்தபோது உண்டான விளிம்பு அரிக்கப்பட்டுச் செங்குத்தாக நிற்கிறது. அதனால்தான் கேரளம், கொங்கணம் பக்கம் சட்டென்று இறங்கும். கிழக்கே மெதுவாகச் சரியும். கோதாவரி, கிருஷ்ணா, காவிரி மூன்றும் அரபிக் கடலுக்குப் பக்கத்தில் பிறந்து வங்காள விரிகுடாவுக்கு ஓடுவதும் இந்தச் சரிவால்தான்.

தபதி ஆற்றின் தெற்கிலிருந்து கன்னியாகுமரி அருகே வரை 1,600 கி.மீ., ஆறு மாநிலங்கள். நடுவில் பெரிய இடைவெளி ஒன்றே: பாலக்காட்டுக் கணவாய், 30 கி.மீ.க்கு மேல் அகலம், உயரம் சுமார் 140 மீட்டர்தான். ஆனைமுடி (2,695 மீ) அதற்குத் தெற்கே, கேரளத்தில். தொட்டபெட்டா (2,637 மீ) வடக்கே, தமிழ்நாட்டில். கிழக்குத் தொடர்ச்சி மலையைத் தொடர்ந்த கோடாக வரைந்துவிடாதீர்கள். மகாநதி, கோதாவரி, கிருஷ்ணா எல்லாம் அறுத்துப் போட்ட துண்டுகள் அவை. சேர்வராயன், கொல்லி, கல்வராயன், ஜவ்வாது ஆகியவையும் அத்தகைய துண்டுகளே. மேற்கும் கிழக்கும் சந்திப்பது நீலகிரியில்.

ஒரே சிகரத்துக்கு ஏன் வெவ்வேறு உயரம்? கைபேசி காட்டுவதும் ஒத்துவரவில்லையே?

முதல் காரணம் பனி. பாறை உச்சியை அளப்பதா, பனி உச்சியை அளப்பதா? மான்ட் பிளாங்க் 2021இல் 4,807.81 மீ, 2023இல் 4,805.59 மீ. மலை சுருங்கவில்லை, பனித்தொப்பி மெலிந்தது.

இரண்டாவது, அளக்கும் முறை. 1802இல் சென்னை பரங்கிமலை அருகே ஆங்கிலேய நில அளவையாளர் லாம்ப்டன் அளந்த சுமார் 12 கி.மீ. அடிக்கோட்டிலிருந்து வளர்ந்ததுதான் இந்தியாவின் மாபெரும் முக்கோண அளவீடு. அதன் தொடர்ச்சியாக எவரெஸ்டுக்குக் கணித்து 1856இல் வெளியிட்ட உயரம் 29,002 அடி, அதாவது சுமார் 8,840 மீ. நேபாளமும் சீனாவும் 2020 டிசம்பரில் சேர்ந்து அறிவித்தது 8,848.86 மீ. நூற்றுக்கணக்கான கி.மீ. தொலைவிலிருந்து கோணக்கருவியால் பார்த்துக் கணக்கிட்டு ஒன்பது மீட்டர்தான் பிசகியிருக்கிறார்கள்!

மூன்றாவது, கைபேசி. ஜிபிஎஸ் நேரடியாகத் தருவது கடல் மட்டத்திலிருந்து உயரம் அல்ல. பூமிக்கு வைத்திருக்கும் கணித வடிவமான நீள்கோளத்திலிருந்து உயரம். தென்னிந்தியாவில் கடல் மட்டம் அந்த நீள்கோளத்துக்கு 80 முதல் 100 மீட்டர் கீழே இருக்கிறது. அதனால் திருத்தம் செய்யாத செயலி சென்னைக் கடற்கரையில் "−80" என்பது போலக் காட்டும். கருவி கெட்டுவிடவில்லை. ஏறக்குறைய 90 மீட்டர் கூட்டிக்கொண்டால் கடல் மட்டக் கணக்குக்குப் பக்கத்தில் வரும். செயலியின் அமைப்பில் "சராசரி கடல் மட்டம்" என்ற தெரிவு இருந்தால் அதைப் போட்டுவிடுங்கள். அப்போது நீங்கள் தனியாகக் கூட்டக்கூடாது.

பூமியின் மையத்திலிருந்து அளந்தால் கதை இன்னும் மாறும். பூமத்திய ரேகைப் பக்கம் பூமி புடைத்திருப்பதால், ஈக்வடாரின் சிம்பொராசோ (6,263 மீ) உச்சி எவரெஸ்ட் உச்சியைவிடச் சுமார் 2 கி.மீ. வெளியே நீட்டி நிற்கிறது.

வெற்று உலக வரைபடத்தில் மதிப்பெண் போகாமல் எப்படிக் குறிப்பது?

1. பென்சிலால் பூமத்திய ரேகை, 30 பாகை வடக்கு, 30 பாகை தெற்கு ஆகிய மூன்று கோடுகளை மெலிதாகப் போடுங்கள். இமயம், அட்லஸ் இரண்டும் வடக்கு 30ஐ ஒட்டியும், டிராக்கன்ஸ்பெர்க் தெற்கு 30ஐ ஒட்டியும் வரும்.

2. அளவைக் கணக்கிடுங்கள். அட்சரேகைகள் சம இடைவெளியில் உள்ள வரைபடம் 18 செ.மீ. அகலம் என்றால் 1 செ.மீ. = 20 பாகை. அதில் இமயம் (74 முதல் 95 பாகை கிழக்கு) 1 செ.மீ.தான் வரும். ஆல்ப்ஸ் அரை செ.மீ. ஆண்டிஸ் மூன்றேகால் செ.மீ. இமயத்தை மியான்மர் கடற்கரை வரை இழுத்துவிடுவதுதான் அடிக்கடி நடக்கும் பிழை.

3. முதலில் இரு முனைப் புள்ளிகள், பிறகு வளைவு. இமயம் தெற்கே குவியும். ஆண்டிஸ் பெரு–சிலி எல்லை அருகே, 18 பாகை தெற்கில், ஒரு முழங்கை மடங்கும். அதை வரையாவிட்டால் கோடு கடலுக்குள் போய்விடும்.

4. பழுப்பு நிறத்தில் ஒரே தடிமனான கோடு, பெயர் கோட்டுக்கு இணையாக. பெயருக்கு இடமில்லாத ஆல்ப்ஸ், பிரனீஸ், காக்கஸஸ் மூன்றுக்கும் கடலுக்குள் இழுத்த அம்புக்குறி. மூன்றையும் ஐரோப்பாவுக்குள்ளேயே எழுதினால் எது எதற்கு என்று திருத்துபவருக்குத் தெரியாது.

வடதுருவப் பக்கம் நிலங்கள் பெருத்துத் தெரியும் மெர்கேட்டர் வரைபடம் என்றால் இரண்டாவது படியின் வடக்கு–தெற்குக் கணக்கு பொருந்தாது. யூரல் அதில் உண்மையைவிட நீண்டு தெரியும். ஓரத்தில் அச்சிட்ட பாகை எண்களை வைத்தே முனைகளைக் குறியுங்கள்.

ஒரே பெயரில் இரண்டு தொடர்கள் உண்டா?

உண்டு. சியரா நெவாடா கலிபோர்னியாவிலும் இருக்கிறது, ஸ்பெயினின் தெற்கிலும் இருக்கிறது. நீல மலைகள் ஜமைக்காவிலும் ஆஸ்திரேலியாவிலும் உண்டு. ஜப்பானின் ஹோன்ஷு தீவிலும் "ஆல்ப்ஸ்" இருக்கிறது. இந்தப் பெயர்களை எழுதும்போது நாட்டையும் பக்கத்தில் எழுதிவிடுங்கள்.